இருட்டுக் குருணை

துறைமுகத்தில் எங்கள் கம்பெனி ஷெட்டில் ஒரு மர அலமாரி இருந்தது. கயிறு, கொக்கி, கிழிந்த தார்ப்பாய், எப்போதோ செத்த ஒரு எலி எல்லாம் அதற்குள் கிடக்கும். கூலிக்காரர்களில் ஒருவர் அதைத் திறக்கும் விதத்தைப் பார்த்துத்தான் நான் அவரைக் கவனிக்க ஆரம்பித்தேன். கதவை இழுத்த உடனே கையை உள்ளே விடமாட்டார். டிராமிலிருந்து பெண்பிள்ளைகள் இறங்குவதற்கு வழிவிடுகிறவரைப் போல ஒரு பக்கமாக ஒதுங்கிச் சுவரோடு நிற்பார். யாரும் இறங்க மாட்டார்கள். ஆனாலும் எல்லோரும் இறங்கியாயிற்று என்று அவருக்கு எப்படியோ தெரிந்துவிடும். அதற்குப் பிறகுதான் கயிற்றை எடுப்பார்.

"எதுக்கய்யா நிக்கறே?" என்று ஒருநாள் கேட்டேன்.

"வெளிய வர்றதுக்கு டைம் குடுக்கணும் சார்."

"எது வர்றதுக்கு?"

"குருணை" என்றார்.

குருணை என்றால் அரிசி நொய். யுத்த காலத்து ரேஷனில் அரிசி என்ற பெயரில் அதைத்தான் எங்களுக்கு அளந்தார்கள். ஆனால் அவர் சொன்னது இருட்டின் குருணை. இருட்டு என்பது வெறும் ஒன்றுமில்லாமை அல்ல, அது பொடிப்பொடியான ஒரு சரக்கு, மூடி வைத்த இடத்தில் அது சேர்ந்து கிடக்கும், திறந்தால் வடிந்து போக நேரம் ஆகும். இதுதான் அவருடைய சித்தாந்தம்.

யுத்தம் முடிந்த மறு வருஷம் அது. நான் ராயபுரத்தில் குடியிருந்துகொண்டு, துறைமுகத்தில் கப்பல் சரக்கு இறக்கும் ஒரு கம்பெனியில் எண்ணிக்கை குமாஸ்தாவாக இருந்தேன். பி.ஏ.யில் பௌதிகம் எடுத்து இரண்டு முறை தோற்றவன் என்ற தகுதி எனக்கு உண்டு. கூலிக்காரர்கள் மத்தியில் இரண்டு முறை தோற்றவனும் படித்தவன்தான். சொல்லப்போனால் ஒரே தடவையில் தேறியவனைவிட அதிகம் படித்தவன்.

அவர் பெயரை எழுதப் போவதில்லை. எங்கள் மாதா கோயில் தெருவில் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் இன்றைக்கும் ஏழெட்டுப் பேர் திரும்பிப் பார்ப்பார்கள். என் வயதுதான் இருக்கும், முப்பதுக்கு இரண்டொன்று முன்பின். குள்ளம். பட்டாளத்து ஏலத்தில் எடுத்த காக்கி நிஜார், கழுத்தில் கறுப்புக் கயிற்றில் மாதா சுரூபம். அப்போது நான் அவரை 'அவன்' என்றுதான் சொன்னேன். இப்போது 'அவர்' என்று எழுதுகிறேன். செத்தவர்களுக்கு நாம் கொடுக்கும் பதவி உயர்வு இது. செலவில்லாதது.

கப்பலின் சரக்கறை வாயைத் திறப்பது அவர் வேலை. தார்ப்பாயை உருவி, அதற்கடியில் வரிசையாகப் பதித்திருக்கும் கனத்த பலகைகளைக் கழற்ற வேண்டும். கழற்றியதும் சட்டைப் பையிலிருந்து வறுத்த புளியங்கொட்டை ஒன்றை எடுத்து வாயில் அடக்கிக்கொள்வார். அது கன்னத்தில் ஊறி, பல்லுக்கு இளகுகிறவரை ஒருவரும் உள்ளே இறங்கக்கூடாது. சுமார் அரை மணி பிடிக்கும். பிறகு கயிற்றில் அரிக்கேன் லாந்தரைக் கட்டி அடிவரை இறக்கிப் பார்ப்பார். லாந்தர் எரிந்தால் கொட்டையைத் துப்புவார். அவர் துப்புகிற சத்தம்தான் பதினெட்டுப் பேர் வேலை தொடங்குவதற்கான சங்கு.

கம்பெனியில் இப்படி ஒரு விதி எழுதி வைக்கப்பட்டிருக்கவில்லை. மேஸ்திரிக்கும் இது பிடிக்காது. ஆனால் ஆட்கள் நின்றார்கள். ஏன் நின்றார்கள் என்றால், அதற்கு அந்த ஊர்தான் காரணம்.

மத்தியானம் சோறு தின்று முடித்து கிரேன் நிழலில் சாய்ந்திருக்கும்போது, "அந்த ஊர்ல" என்று ஆரம்பிப்பார். எந்த ஊர் என்று யாரும் கேட்பதில்லை. சரக்கறைப் பலகைக்குக் கீழே எங்கேயோ இருக்கிற ஊர். அங்கே சூரியன் கிடையாது. அங்கே இருட்டுதான் பொருள். வெளிச்சம் என்பது இருட்டு இன்னும் வந்து சேராத காலி இடம். காலிக் கோணியை நாம் சரக்கு என்று சொல்லுவோமா, அதுபோல அங்கே வெளிச்சத்தை ஒருவரும் மதிப்பதில்லை. இருட்டு மேலிருந்து குருணை குருணையாக விழும். ஜனங்கள் முறத்தில் பிடித்துப் புடைத்துப் பானையில் கொட்டி வைப்பார்கள். பெண்பிள்ளைகள் எண்ணெய் விட்டுக் குழைத்துக் கண்ணுக்குத் தீட்டிக்கொள்வார்கள். குழந்தை அழுதால் ஒரு சிட்டிகை எடுத்து இமையில் தடவினால் போதும், தூங்கிவிடும்.

கும்பலில் ஒருவனுக்கு அப்போதுதான் கல்யாணமாகியிருந்தது. எல்லோரும் அவனை மாப்பிள்ளை என்றே கூப்பிட்டார்கள். அவன் கேட்பான்:

"அந்த ஊர்ல மாமியாக்காரி கீறாளா மாமு?"

"கீறா."

"அப்ப நான் வரல. இங்கயே இருந்துக்கறேன்."

"கண்ணுக்குத் தெரிய மாட்டா நைனா. கொரலு மட்டும்தான் கேக்கும்."

"எங்கூட்லயும் அதான்."

மேஸ்திரி, வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு, "மேஸ்திரி கீறானா அங்க?" என்பார்.

"ஒருத்தன் கீறான். ஆனா வேல சொல்ல ஆளத் தேடி தடவிக்கினே போவான். ஆயுசு பூரா தடவிக்கினே கீறான்."

சிரிப்பு அடங்கியதும், யாராவது ஒருவர் கொஞ்சம் தணிந்த குரலில் கேட்பார்கள், குருணை ஆளை என்ன செய்யும் என்று. அவர், அதற்குப் பசி உண்டு என்பார். முதலில் நெருப்பைத் தின்னும். நெருப்பு இல்லையென்றால் மூச்சைத் தின்னும். இரும்பென்றால் அதற்கு உயிர், துருவும் குருணையும் பால்ய தோஸ்து. காற்றுக்கு மட்டும்தான் பயப்படும். "காத்துதான் அதுக்கு மாமியா" என்று மாப்பிள்ளையைப் பார்த்துச் சொல்வார். இன்னொன்றும் சொல்வார், சிரிக்காமல்: "அந்த ஊர்ல எவனாவது திடீர்னு குந்திட்டான்னா, அவன இட்டுக்கினு வர்றதுக்கு யாரும் கிட்ட போவமாட்டாங்க. போறவனும் பக்கத்துல குந்திக்குவான்."

இதையெல்லாம் கேட்டுக்கொண்டு சும்மா இருக்க என் பௌதிகம் இடம் கொடுக்கவில்லை. ஒருநாள் ஷெட்டுக் கதவில் சாக்குக்கட்டியால் படம் போட்டு விளக்கினேன். வெளிச்சம்தான் பொருள், இருட்டு அதன் இல்லாமை, இல்லாமைக்குப் பொடி கிடையாது, எடை கிடையாது, பசியும் கிடையாது. அவர் மிகவும் மரியாதையாகக் கேட்டார். மரியாதையாகக் கேட்கிறவனிடம் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும் என்பது எனக்கு அப்போது தெரியாது.

"லாந்தர அணைச்சா வெளிச்சம் எங்க சார் போவுது?"

"எங்கேயும் போகல்லே. இல்லாம போயிடறது."

"சரக்குன்னா எங்கயாவது கெடக்கணுமே சார். இருட்டு பாருங்க, எப்ப வந்து தொறந்தாலும் வச்ச எடத்துலயே கெடக்குது."

எனக்குப் பின்னால் பதினெட்டுப் பேர் சிரித்தார்கள். இந்தக் கேள்வி என் பரீட்சையில் வரவில்லை. வந்திருந்தால் மூன்றாவது முறையும் தோற்றிருப்பேன். மானத்தைக் காப்பாற்றிக்கொள்ள, சரி, அதற்கு ஒரு நல்ல பெயராவது வைக்கலாம், கார் என்றால் இருட்டு, பொடிக்கு அணு, அதனால் 'காரணு' என்று சொல்லலாமே என்றேன். அவர் யோசித்துவிட்டுத் தலையாட்டி மறுத்தார்.

"அந்த மாதிரி பேரெல்லாம் வச்சா அதுக்குத் தலக்கனம் ஏறிடும் சார். குருணைன்னே இருக்கட்டும்."

வீட்டிலும் கோயிலிலும் அவர் இப்படித்தான் என்று மாப்பிள்ளை சொல்வான். டிரங்குப் பெட்டியைத் திறந்துவிட்டு ஒதுங்கி நிற்பதற்குள் பூசை மணி அடித்துவிடுமாம். கோயிலில் பாவத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்கும் பாவசங்கீர்த்தனக் கூண்டின் திரையை விலக்கிவிட்டு வெளியே நின்றுகொண்டிருந்தாராம். சாமியார் உள்ளேயிருந்து, வருகிறாயா இல்லையா என்று கேட்டாராம். "முன்ன இருந்தவன் வுட்டுட்டுப் போனது வெளிய போவட்டும் சாமி" என்றாராம். இதில் எவ்வளவு மாப்பிள்ளையின் சொந்தச் சரக்கு என்று எனக்குத் தெரியாது. நாங்கள் எல்லோருமே அந்தக் காலத்தில் அவர் விஷயத்தில் கொஞ்சம் சொந்தச் சரக்கு சேர்த்தோம்.

ஒரே ஒரு முறைதான் அவரிடம் நேராகக் கேட்டேன். படகுத் துறைச் சுவர் மேல் உட்கார்ந்திருந்தோம், சாயங்கால ஷிப்டு மாறுகிற நேரம்.

"நிஜமாவே இதை நம்பறியா?"

"நம்பறதுக்கு இன்னா சார் கீது? நிக்கறானுங்க இல்ல?"

அந்தப் பதிலில் நான் நின்றிருக்க வேண்டும். ஆனால் அவரே மேலே பேசினார். யுத்தம் நடக்கும்போது ஒரு கப்பலின் அடியில், ரொம்ப நாள் மூடிக் கிடந்த ஒரு தொட்டியைச் சுத்தம் செய்யப் போனார்களாம், மூன்று பேர்.

"ஒருத்தன் எறங்கினான், குந்திட்டான். அவனத் தூக்க இன்னொருத்தன் போனான், அவனும் குந்திட்டான். மூணாவது நான். ஏணில கால வைக்க சொல்லோ எனக்கு ஒத்தத் தும்மல் வந்திச்சி. ஒத்தத் தும்மலுக்கு நின்னுட்டுப் போவணும்னு எங்கம்மா சொல்லுவா. நின்னேன்."

பிறகு, "அவனுங்க மூஞ்சி ஒண்ணும் மாறல சார். சும்மா அலுப்புல குந்தின மாதிரிதான் இருந்திச்சி" என்றார்.

"அதை இவங்ககிட்டே அப்படியே சொல்லலாமே. எதுக்கு இந்த ஊர்க்கதை?"

"அதுக்கப்புறம் வேற கப்பல்ல சொன்னேனே. உள்ள கெட்ட காத்து கீதுன்னு சொன்னேன். காத்து கண்ணுக்குத் தெரியுதா? பயந்தாங்கொள்ளின்னு என்னத் தாண்டிப் போனானுங்க. இருட்டு எல்லாருக்கும் தெரியுது. சின்னதுலேருந்து எல்லாரும் அதுக்குப் பயந்துகினுதான் வந்துகீறான். அதச் சொன்னா நிக்கறான்."

அப்படியானால் அந்த ஊர் அவர் தெரிந்தே செய்த புளுகு என்று நான் முடிவு கட்டினேன். எழுந்து ஷெட்டுக்குப் போனோம். குடையை எடுக்க அலமாரியைத் திறந்தார். நான் மட்டும்தான் பார்த்துக்கொண்டிருந்தேன், நிற்க வைப்பதற்கு வேறு ஆள் கிடையாது. அவர் ஒதுங்கிச் சுவரோடு நின்றார்.

கம்பெனிக்குப் பொறுமை தீர்ந்தது. ஒரு கப்பலுக்கு நாலு சரக்கறை என்றால், நாலு புளியங்கொட்டைக்கு இரண்டு மணி நேரம். சூப்பர்வைசர் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார்.

"நீர் பௌதிகம் படிச்சவராமே. இருட்டுக்குப் பொடி உண்டா?"

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். பாழுங்கிணற்றில் தூர் வார இறங்குகிறவன் முதலில் விளக்கை இறக்கிப் பார்ப்பான் என்பது இந்த நாட்டில் எல்லோருக்கும் தெரியும். எனக்கும் தெரியும். என் மாமா வீட்டுக் கிணற்றில் அப்படி இறக்கிய விளக்கு அணைந்ததை நானே எட்டிப் பார்த்திருக்கிறேன். படகுத் துறைச் சுவரில் கேட்டதும் காதிலேயே இருந்தது. "ஐயா, அவர் கதையை விடுங்கள், அவர் காத்திருப்பது நியாயம்" என்று சொல்ல அரை நிமிஷம் ஆகியிருக்கும். ஆனால் சூப்பர்வைசர் என்னைச் சிரிக்கத் தயாரான முகத்தோடு பார்த்தார். அந்த முகத்தை ஏமாற்ற எனக்கு மனம் வரவில்லை. சாக்குக்கட்டிப் படத்தின் முன்னால் பதினெட்டுப் பேர் சிரித்ததும் கொஞ்சம் பாக்கி இருந்தது.

"இருட்டுதான் தொந்தரவுன்னா வெளிச்சத்தைப் போட்டுட்டா தீர்ந்தது சார். கப்பல்லே கொத்து விளக்கு இருக்கே, அதை உள்ளே இறக்கச் சொல்லுங்கோ. குருணை அத்தனையும் அரை விநாடியிலே காலி. கொட்டை ஊறக் காத்திருக்க வேண்டாம்."

சூப்பர்வைசர் வயிறு குலுங்கச் சிரித்தார். சாயங்காலத்துக்குள் அது உத்தரவாகிவிட்டது. வாயைத் திறந்ததும் கொத்து விளக்கை, அதாவது எனாமல் குடைக்கு அடியில் நாலைந்து பல்புகள் சேர்ந்த மின்சார விளக்கை, கயிற்றில் இறக்க வேண்டியது. ஆட்கள் உடனே இறங்க வேண்டியது. மின்சாரம் வந்துவிட்ட பிறகு நெருப்பு எதற்கு, சரக்குக்கு ஆபத்து, ஆகையால் லாந்தர் கூடாது. அன்று முதல் இன்று வரை எத்தனையோ ஹாஸ்யம் சொல்லியிருக்கிறேன், அச்சிலும் வந்திருக்கிறது. உத்தரவாக மாறியது அது ஒன்றுதான்.

மறுநாள் காலையில் அவர் என் மேஜைக்கு வந்தார்.

"நீங்க சொன்னீங்களாமே சார்."

"உன் சாஸ்திரப்படிதானேய்யா சொன்னேன்."

"பல்ப அது தின்னாது சார். கண்ணாடிக்குள்ள கீது. அதுக்குப் பசி அப்பிடியே இருக்கும்."

"ஏன், உன் ஊருக்கு எலக்ட்ரிக் வரல்லியா?"

அவர் சிரித்தார். நான் சொன்னதற்கெல்லாம் சிரிப்பார், அது ஒரு மரியாதை. பிறகு மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டு, "ஒரு வார்த்த அவராண்ட திருப்பிச் சொல்லிடுங்க சார். நீங்க சொன்னா கேப்பாரு. லாந்தரயாவது வுட சொல்லுங்க. ஆளுங்க உசுரு சார்" என்றார்.

"பார்க்கலாம்" என்றேன்.

பார்க்கவில்லை. சொன்ன ஹாஸ்யத்தைத் திரும்பப் போய், அது ஹாஸ்யம்தான், நிஜமில்லை என்று சொல்வதைவிட அவமானம் ஒரு ஹாஸ்யக்காரனுக்குக் கிடையாது. நாளைக்குச் சொல்லலாம் என்று இருந்தேன். நாளைக்கு ஒன்றும் நடக்கவில்லை. பஞ்சுக் கப்பல் ஒன்று வந்தது, பிறகு ஒரு மரக் கப்பல். கொத்து விளக்கு இறங்கிற்று, ஆட்கள் பின்னாலேயே இறங்கினார்கள், ஒருவருக்கும் தலைவலிகூட இல்லை. அந்த ஊரை இப்போது யாரும் கேட்பதில்லை. "மாமு, உன் ஊரு மேல வெளிச்ச வெள்ளம் வந்துடுச்சா?" என்று மாப்பிள்ளை கேட்டான். அவர் சோற்றைத் தனியாகப் போய்த் தின்ன ஆரம்பித்தார்.

அதற்கடுத்தது பழைய இரும்புக் கப்பல். யுத்தம் தின்று துப்பிய இரும்பு, கிழக்கே எங்கெங்கோ பொறுக்கி எடுத்து மழையில் நனைய நனைய ஏற்றி, வாயை மூடி, வாரக்கணக்கில் கொண்டுவந்திருந்தார்கள்.

காலை பத்து மணி. தளத்தில் கால் வைக்க முடியாத வெயில். முழு வாயையும் திறக்க நேரமில்லை என்று ஒரு மூலையில் மட்டும் பலகைகளைக் கழற்றினார்கள், ஏணிக்கும் விளக்குக்கும் போதுமான அளவுக்கு. கொத்து விளக்கு இறங்கிற்று. உள்ளே கல்யாணப் பந்தல் மாதிரி ஆகிவிட்டது. சிவப்பாகத் துருப்பிடித்த சுவர்கள், சிவப்பாகத் துருப்பிடித்த இரும்பு மலை, ஒவ்வொரு ஆணியும் தெரிந்தது. அவர் எட்டிப் பார்த்தார். சட்டையைக் கழற்றிக் கம்பியில் மாட்டியிருந்தார். அதன் பைக்குள் கை விட்டு, பழக்கத்தில் ஒரு கொட்டையை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"கொட்டையத் துப்பு" என்றார் மேஸ்திரி. "வெளிச்சம்தான் கீதே. இன்னும் இன்னா?"

"இது இரும்பு மேஸ்திரி."

"இரும்புன்னா? கடிக்குமா? இன்னிக்கும் நின்னா சூப்ரவைசர் உன்னயும் அனுப்சிடுவாரு, என்னயும் அனுப்சிடுவாரு. டேய் மாப்ள, எறங்குடா."

மாப்பிள்ளை ஏணியில் கால் வைத்தான். அவர் அவன் பனியனைப் பிடித்து இழுத்தார்.

"இரு நைனா. நான் பாத்துட்டு வர்றேன்."

நான் எண்ணிக்கைப் பலகையை வைத்துக்கொண்டு வாயின் விளிம்பிலேயே நின்றிருந்தேன். அவர் என் பக்கம் திரும்பினார். அந்த முகத்தில் கோபம் இருந்திருந்தால் எனக்கு இன்றைக்குச் சௌகரியமாக இருக்கும்.

"மேலேருந்து பாத்துக்குங்க சார்" என்றார். இறங்கினார்.

அவர் அடியில் போய் நின்றதை எல்லோரும் பார்த்தோம். அவ்வளவு நன்றாகத் தெரிந்தது. மேலே பார்த்து ஒரு கையைத் தூக்கினார். வா என்றா, வராதே என்றா, அதை இன்றுவரை என்னால் தீர்மானிக்க முடியவில்லை. இரும்பின் மேல் மூன்று அடி நடந்தார். பிறகு, வெகுதூரம் நடந்து வந்தவன் ஒரு மேட்டைக் கண்டால் உட்காருவது போல, உட்கார்ந்தார்.

கும்பல் சிரித்தது. நானும் சிரித்தேன். அந்த ஊர்க்காரர்களைப் போல நடித்துக்காட்டுவது அவர் வழக்கம்.

"மாமு ஊரு போய் சேந்துட்டான்பா" என்றான் மாப்பிள்ளை.

"ஏய், நடிக்காத. எழுந்திரு" என்றார் மேஸ்திரி.

அவர் மெதுவாகப் பக்கத்திலிருந்த இரும்பின் மேல் சாய்ந்தார். முகம் ஒன்றும் மாறவில்லை. அப்போது எனக்குத் தெரிந்துவிட்டது. படகுத் துறைச் சுவரில் அவர் சொன்ன வாக்கியம் எனக்கு மட்டும்தானே தெரியும்.

மாப்பிள்ளை பாய்ந்து ஏணியில் இறங்கப் போனான். மேஸ்திரியே அவனை இடுப்போடு கட்டிப் பிடித்தார். "வேணாண்டா. குந்தினவனாண்ட போவக்கூடாதுன்னு சொல்லிக்கீறான். போவாத" என்றார். அதுவரை அந்தக் கதையைக் கேலி செய்தவர்களில் முதல் ஆள் மேஸ்திரிதான். அவன் திமிறினான், அழுதான், கெட்ட வார்த்தை சொன்னான். ஒருவரும் இறங்கவில்லை. பலகைகளை வெறிகொண்டு பிடுங்கி எறிந்தார்கள். கப்பல்காரர்கள் காற்றுப் பிடிக்கும் கான்வாஸ் குழாயைக் கொண்டுவந்து உள்ளே விட்டார்கள். யாரோ லாந்தரைக் கொளுத்திக் கயிற்றில் இறக்கினார்கள்.

பாதி வழியில் லாந்தர் அணைந்தது. அதற்குப் பக்கத்திலேயே கொத்து விளக்கு பளபளவென்று எரிந்துகொண்டிருந்தது.

மேலே இழுத்து, கொளுத்தி, மறுபடி இறக்கினார்கள். மறுபடி அணைந்தது. அப்போது மாப்பிள்ளை கம்பியில் மாட்டியிருந்த அவர் சட்டையின் பைக்குள் கையை விட்டு, ஒரு புளியங்கொட்டையை எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொண்டான். வேறு கணக்கு எங்களுக்குத் தெரியாது. நாங்கள் அத்தனை பேரும் அவன் கன்னத்தைப் பார்த்துக்கொண்டு நின்றோம். நடுநடுவே கீழே பார்த்தோம். வெளிச்சம் நன்றாக இருந்ததால் பார்க்காமல் இருக்கவும் முடியவில்லை.

அந்த நேரத்தில் எவ்வளவு நேரம் அவர் உயிரோடு இருந்தார் என்று எனக்குத் தெரியாது. இறங்கியிருந்தால் இன்னொருவர் அவர் பக்கத்தில் உட்கார்ந்திருப்பார் என்பது தெரியும். இது தெரிந்திருப்பதால் அது தெரியாதது லேசாகிவிடவில்லை.

நாலாவது முறை லாந்தர் அடிவரை போயும் எரிந்தது. மாப்பிள்ளை துப்பினான். இரண்டு பேர் இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு போய் அவரைத் தூக்கி வந்தார்கள்.

சாவை விசாரிக்க வந்த அதிகாரி என்னிடம்தான் கேட்டார், நான் படித்தவனாயிற்றே. உள்ளே போதிய வெளிச்சம் இருந்ததா? இருந்தது. ஏணி சரியாக இருந்ததா? இருந்தது. வழுக்கி விழுந்தானா? இல்லை, உட்கார்ந்தார். யாராவது தள்ளினார்களா? இல்லை. இதயம் நின்றுவிட்டது என்று எழுதிக்கொண்டார். எல்லோருக்கும் அதுதானே நிற்கிறது. லாந்தரை மட்டும் மறுவாரமே, யாரும் உத்தரவு போடாமல், ஆட்களே திரும்பக் கொண்டுவந்துவிட்டார்கள்.

சில வருஷம் கழித்து மூர் மார்க்கெட்டில் பழைய புத்தகம் ஒன்றில் படித்தேன். இரும்பு துருப்பிடிப்பதும் விறகு எரிவதும் ஒரே காரியம்தானாம், வேகம்தான் வேறு. மூடிய இடத்தில் நனைந்த இரும்பு கிடந்தால் காற்றில் உள்ள உயிரைச் சத்தமில்லாமல் தின்றுவிடுமாம். வாசனை இராது, புகை இராது. முதலில் நெருப்பு அணையும், பிறகு மூச்சு. துருவுக்குத் தோஸ்து, காற்றுக்குப் பயம், எல்லாம் இருந்தது. அவர் சாஸ்திரத்தில் பிழை ஒன்றே ஒன்றுதான், அதற்கு நிறம் கொடுத்தது. அந்த நிறத்தைப் பிடித்துக்கொண்டுதான் நான் அவரை ஜெயித்தேன்.

ஆனால் இதை எழுத உட்கார்ந்தது அதற்காக அல்ல. அடக்கம் முடிந்து எட்டாம் நாள் பூசைக்குப் பிறகு அவர் மனைவி என் வீட்டுக்கு வந்தாள். காசிமேட்டில் மீன் விற்கிறவள். அதற்கு முன்னால் நான் அவளைப் பார்த்ததில்லை. உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. வாசற்படியில் நின்று கதவைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்:

"நீங்க பாத்தீங்களாமே சார். உள்ள இருட்டா இருந்திச்சா?"

"இல்லேம்மா."

"நெசமா சொல்லுங்க. எனக்காவ சொல்லாதீங்க."

"நல்ல வெளிச்சம். பகல் மாதிரி."

அவள் முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டாள். "வூட்ல ராவெல்லாம் அவருக்கு சிம்னி எரியணும். கிருஷ்ணாயில் கெடைக்காத நாள்ள என் கையப் பிடிச்சிக்கினுதான் படுப்பாரு. அவ்ளோ பயம். வெளிய யாராண்டயும் சொல்லமாட்டாரு. இருட்டுல குந்திக்கினு பூட்டாரோ, பயந்துகினே பூட்டாரோன்னு எட்டு நாளா எனக்குத் தூக்கமில்ல சார்."

நான் நாற்காலியை மறுபடி அவள் பக்கம் இழுத்துப் போட்டேன்.

"அந்த வெளக்க எறக்க சொன்னது நீங்கதானாமே. மேஸ்திரி சொன்னாரு."

"ஆமாம்" என்றேன்.

இப்போது சொல்லிவிட வேண்டியதுதான் என்று வாயைத் திறந்தேன். அவள் கையைக் கூப்பிவிட்டாள்.

"நல்லா இருப்பீங்க சார். உங்க புள்ளைங்க நல்லா இருக்கும்."

எந்த நேரத்திலும் ஒரு பதில் தயாராக வைத்திருப்பவன் என்று எனக்குப் பெயர். "பரவாயில்லேம்மா" என்றேன்.

வருஷா வருஷம் அவர் பெயரில் பூசை கொடுக்கும் நாளன்று அவள் வீட்டிலிருந்து எனக்கு வஞ்சிரமீன் குழம்பு வருகிறது. நான் சாப்பிடுகிறேன். நன்றாக இருக்கிறது.